சின்யோரா எமிலியானாவின் படம்

உ
பலேர்மோ
9.2.2014

அன்புள்ள மச்சாள் சுதாஜினிக்கு,

நானும் உமது அண்ணாவும் நல்ல சுகம். மாமியின் நெஞ்சு நோ எப்படி இருக்கிறது? என் கைக்கட்டு அவிழ்த்தாகிவிட்டது. குசினிக் கதவில் நெரிந்த விரல்கள் இப்போது மடங்குகின்றன, யோசிக்க வேண்டாம்.

ஞாயிறு தோறும் போனில் கதைத்துக்கொண்டு இவளுக்குக் கடிதம் எதற்கு என்று நினைப்பீர். போனில் கதைக்கும்போது அவர் பக்கத்தில் இருப்பார். இது அவர் காதில் விழக் கூடாத விஷயம். அதனால்தான் வீட்டுக்குப் போடாமல் உமது நூலக விலாசத்துக்குப் போடுகிறேன். பதிலை உறையின் பின்பக்கம் எழுதியிருக்கும் வேலை வீட்டு விலாசத்துக்கே அனுப்பும்.

லிபெர்த்தாத் தெருவில் நான் பார்த்துக்கொள்ளும் சின்யோரா எமிலியானாவைப் பற்றிச் சொல்லியிருக்கிறேன் அல்லவா, உறுதி எழுதும் நொத்தாரிசு ஒருவரின் விதவை. போன கிழமை அவருக்கு ஒரு உறை வந்தது. உள்ளே வயது வந்தவர்களுக்கான பழைய காலத்துச் சஞ்சிகை ஒன்றின் பக்கம், போட்டோக்கொப்பி. படத்தில் இருப்பவள் போட்டிருப்பது ஒரு தொப்பி மட்டும்தான். நான் வேறு பக்கம் பார்த்தேன். சின்யோரா என் முகத்தைத் திருப்பி, "வடிவாப் பார், நான்தான். அப்ப எனக்கு இருபத்தாறு வயசு. ஒருத்தரும் பிடிச்சு இழுத்துக்கொண்டு போகேல்லை, நானாத்தான் போனனான்" என்றார். சொல்லும்போது குரல் திடமாக இருந்தது.

படத்துக்குக் கீழே பெரிய எழுத்தில், "உன் மகன் இதைப் பார்க்க வேண்டுமா?" என்று இத்தாலியனில் எழுதியிருந்தது. அந்த வரிக்கு மேலே 2 போல ஒரு சின்னக் கீறல். அது இரண்டாவது கடிதம் என்று அர்த்தமாம், முதலாவது எங்கோ தொலைந்துவிட்டதாம். சின்யோரா வீடு முழுக்கத் தேடுகிறார்.

மகன் ஃப்ரான்செஸ்கோ ஒரு பள்ளிக்கூட அதிபர். அவருக்குத் தெரிந்தால் தாயை முதியோர் இல்லத்தில் விட்டு வீட்டைப் பூட்டிவிடுவார் என்று சின்யோரா பயப்படுகிறார். அந்த வீடு பூட்டினால் என் வேலையும் போகும்.

இப்படியான பழைய சஞ்சிகைகளைக் கணினியில் ஏற்றி வைத்திருக்கிறார்களாம். இந்தப் படம் எங்கே இருக்கிறது, யார் கையில் இருக்கிறது என்று சின்யோராவுக்குத் தெரிய வேண்டும். வைரஸும் பிடிக்காமல், பொலிசும் பிடிக்காமல் எப்படித் தேடுவது? எனக்குத் தெரிந்த ஒரே நூலகக்காரி நீர்தான். சஞ்சிகையின் பெயர் லா லுச்சேர்த்தொலா, ஆண்டு 1969.

உமது சுகத்துக்குப் பதில் எதிர்பார்க்கும்,
விஜிதா

உ
யாழ்ப்பாணம்
3.3.2014

என் அன்பு மச்சாளுக்கு,

இங்கே சுகம். அம்மா மருந்தை ஒழுங்காகக் குடிக்கிறார், என்னோடு ஒழுங்காகச் சண்டையும் பிடிக்கிறார்.

கடிதத்தை மேசைக்குக் கீழே வைத்து வாசித்தேன். நான் இங்கே பழைய பஞ்சாங்கங்களையும் பத்திரிகைகளையும் ஸ்கான் பண்ணிக்கொண்டு இருக்கிறேன், நீர் என்னிடம் தொப்பிக்காரியைத் தேடச் சொல்கிறீர்! கலியாணமாகாத பிள்ளையிடம் கேட்கிற கேள்வியா இது? சரி, பகிடி போதும். கேட்டது நூலகக் கேள்விதான், நூலகக்காரியாகவே பதில் சொல்கிறேன்.

முதலாவது, இலவசம் என்று கூப்பிடும் தளங்கள் பக்கம் போகவே வேண்டாம். அவை ஒருவரிடமும் அனுமதி கேட்காமல் ஸ்கான் பண்ணிப் போட்டவை. சொடுக்கினால் வைரஸ், பெயர் கொடுத்தால் தலையிடி. வயதைக் கேட்டுச் சின்னப் பிள்ளைகளையும் பெரியவர்களையும் பிரிக்காத இடம் நல்ல இடமே இல்லை. உமது போனிலும் வீட்டுக் கணினியிலும் தேட வேண்டாம்.

இரண்டாவது, அந்த நாட்டில் அச்சாகும் எதிலும் ஒரு பிரதி தேசிய நூலகத்துக்குப் போக வேண்டும் என்று சட்டம் இருக்கிறது. அம்மணப் படம் என்றாலும் அச்சு அச்சுதான். ஆகவே புளோரன்ஸ் நூலகத்தின் பட்டியலில் பெயரைத் தேடச் சொல்லும். சில இதழ்களை ஸ்கான் பண்ணி வாசிப்பறைக் கணினியில் மட்டும் காட்டுவார்கள். அடையாள அட்டை கேட்பார்கள், அது நல்லதுக்குத்தான். சின்யோரா தன் சொந்தப் பெயரிலேயே எழுதட்டும். படத்தில் இருப்பவர் அவர், கேட்க அவரை விட உரிமை யாருக்கு? ஒன்று யோசியும் மச்சாள், நூலகத்தில் யாரும் பார்க்கக்கூடியதாக இருக்கிற ஒன்றை வைத்து ஒருவன் எத்தனை நாளைக்கு வெருட்டலாம்?

மூன்றாவது, வந்த பக்கத்தை வெளிச்சத்தில் பிடித்துப் பாரும். ஸ்கான் பண்ணும்போது இதழின் கம்பியைக் கழற்றிவிடுவோம், ஆகவே ஓரத்தில் கம்பி குத்திய இடத்தின் நிழல் விழுந்திருந்தால் அது கணினியில் எடுத்தது அல்ல. அனுப்பியவன் கையில் சஞ்சிகையே இருக்கிறது.

விரல்களைக் கவனமாகப் பாரும்.

அன்புடன்,
சுதாஜினி

உ
பலேர்மோ
30.3.2014

அன்புள்ள மச்சாளுக்கு,

சுகம். மாமிக்கு ஒரு சால்வை வாங்கி வைத்திருக்கிறேன், போகிறவர்கள் கையில் கொடுத்து விடுகிறேன்.

இன்னொரு உறை வந்தது. இன்னொரு பக்கம், அதே பெரிய எழுத்து, மேலே அதே கீறல். இதிலும் 2 என்று இருப்பதால் சின்யோராவுக்கு ஒன்றும் விளங்கவில்லை. இது ஏதோ கூட்டத்தின் அடையாளம் என்று இப்போது சொல்கிறார். வாசல் கதவுக்கு மூன்று பூட்டுப் போட்டிருக்கிறார்.

நீர் சொன்னபடி வெளிச்சத்தில் பிடித்தேன். கம்பியின் நிழல் இருக்கிறது. சின்யோராவிடம் சொன்னதும் அவருக்குப் பழைய கதை ஒன்று ஞாபகம் வந்தது. அவருடைய புருஷன் கலியாணத்துக்குப் பிறகு கண்ட கண்ட கடையெல்லாம் ஏறி அந்த இதழை வாங்கினாராம். எரிக்கவில்லை. ஒரு தகரப் பெட்டியில் போட்டு நிலவறையில் வைத்தாராம். "எரிக்க அவருக்கு மனம் வரேல்லை, அவ்வளவு வடிவு எண்டு சொன்னவர்" என்று சொல்லிச் சின்யோரா அழுதார். நாங்கள் இருவரும் இறங்கிப் பார்த்தோம். பெட்டி இல்லை. மாரியில் வெள்ளம் வந்தபோது ஆள் பிடித்து நிலவறையைத் துப்புரவாக்கினோம், அப்போது போயிருக்க வேண்டும்.

உமது அண்ணாவுக்கு ஊருக்கு வெளியே சியாகுல்லித் தோட்டத்தில் வேலை இருக்கிறது, பிந்தின மண்டரின் பழம் ஆயும் காலம். நல்ல மாதிரி இருக்கிறார். முன்பெல்லாம் என் வேலையைப் பற்றி ஒரு வார்த்தை கேட்க மாட்டார். இப்போது பின்னேரம் வந்ததும் சின்யோரா எப்படி, அழுதாவா, மகன் வந்தவரா என்று அக்கறையாகக் கேட்கிறார்.

வேறு விசேஷம் இல்லை.

விஜிதா

உ
யாழ்ப்பாணம்
20.4.2014

அன்புள்ள மச்சாளுக்கு,

சுகம். வருஷப் பிறப்புக்கு அம்மா உங்கள் இருவரின் பெயரிலும் அர்ச்சனை செய்தார்.

இரண்டு கேள்வி கேட்கிறேன், கோபிக்க வேண்டாம். நிலவறைக்கு ஆள் பிடித்தோம் என்று எழுதியிருக்கிறீர். கார்த்திகையில் அண்ணா போனில், விஜிதாவின் சின்யோரா வீட்டில் நனைந்த பெட்டிகளைச் சுமந்து நாரி பிடித்துவிட்டது என்று அம்மாவிடம் சொன்னது எனக்கு ஞாபகம். அந்த ஆள் அண்ணாவா?

மற்றது, அந்தக் கீறலை ஒரு துண்டில் பார்த்து அப்படியே வரைந்து அனுப்பும். நீரும் நானும் கடிதத்துக்கு மேலே போடுகிற பிள்ளையார் சுழியைத் தமிழ் தெரியாத ஒருவர் பார்த்தால் என்னவென்று நினைப்பார்? இரண்டு என்றுதான் நினைப்பார். எனக்குப் பயமாக இருக்கிறது.

சுதாஜினி

உ
பலேர்மோ
25.5.2014

அன்புள்ள மச்சாளுக்கு,

சுகம். இங்கே வெயில் தொடங்கிவிட்டது.

நல்ல செய்தி முதலில். பட்டியலில் லா லுச்சேர்த்தொலா இருக்கிறது. 1969 முழுவதும் ஸ்கான் பண்ணியாகிவிட்டது, வாசிப்பறையில் மட்டும் பார்க்கலாம் என்று புளோரன்ஸிலிருந்து பதில் வந்தது. சின்யோரா தன் பெயர், பிறந்த திகதி எல்லாம் எழுதி, படத்தில் இருப்பது நான் என்றும் எழுதி விண்ணப்பித்திருக்கிறார். எழுதி முடித்ததும் ஒரு கோப்பி குடித்தார். பல நாளைக்குப் பிறகு கோவிலுக்கும் போனார்.

ஆனால் அதற்கு முன்பே மூன்றாவது உறை வந்துவிட்டது. பணம் கேட்டிருந்தான். சியாகுல்லிப் பாதையில் இடிந்த மதிலடியில் வைக்க வேண்டுமாம். சின்யோரா பணத்தை என் கையில்தான் தந்து விட்டார். "உன்னைத் தவிர எனக்கு ஆர் இருக்கினம்?" என்றார். பஸ்ஸில் போய் வைத்துவிட்டு வந்தேன். தோட்டத்தில் ஆட்கள் ஏணியில் நின்றார்கள். நான் நிமிர்ந்து பார்க்கவில்லை.

அன்று பின்னேரம் உமது அண்ணா நல்ல மீன் வாங்கி வந்தார். எனக்கு ஒரு சேலையும் வாங்கி வந்தார்.

நீர் கேட்டதை வரைந்து இதோடு வைத்திருக்கிறேன். என்னிடம் ஒன்றும் கேட்க வேண்டாம். இங்கே இருப்பதற்கான என் பெர்மெஸ்ஸோ, அந்த அனுமதி, அவர் பெயரில்தான் ஓடுகிறது. அவர் இல்லையென்றால் எனக்கு இந்த நாடு இல்லை. சின்யோரா இல்லையென்றால் எனக்கு இந்த நாட்டில் ஒருவரும் இல்லை.

விஜிதா

உ
யாழ்ப்பாணம்
15.6.2014

என் அன்பு மச்சாளுக்கு,

சுகம் என்று எழுதத்தான் வேண்டும். துண்டைப் பார்த்ததிலிருந்து எனக்குச் சோறு இறங்கவில்லை.

சுழியின் வாலை மேலே வளைத்து நுனியில் பொட்டு வைப்பது எங்கள் அண்ணா ஒருவர்தான். "பிள்ளையாருக்கு மூக்குத்தி குத்திறியோடா?" என்று அப்பா அதற்காகவே எத்தனை நாள் ஏசியிருக்கிறார். அவருடைய பள்ளிக்கூடக் கொப்பி எல்லாவற்றிலும் அது இருக்கும். கை தன்பாட்டில் போட்டிருக்கும், அவருக்கே தெரிந்திராது. கள்ளக் கடிதத்துக்கும் பிள்ளையாரைத் துணைக்குக் கூப்பிட்டிருக்கிறார்.

நீர் முதல் நாளே கண்டுபிடித்துவிட்டீர், இல்லையா? உம்மைக் குறை சொல்ல நான் ஆர். என் அண்ணா என்று எனக்கு எழுத உமக்கு மனம் வரவில்லை. என் வீட்டில் பிறந்தவனால் உமக்கு இப்படி வந்ததே என்று எனக்கு வெட்கமாகவும் ஆத்திரமாகவும் இருக்கிறது.

இன்னொன்றையும் கேட்கிறேன். உமது விரல்கள் கதவிலா நெரிந்தன?

வீட்டில் தனியே இருக்கும்போது இதைப் பற்றி அவரிடம் வாய் திறக்க வேண்டாம். புளோரன்ஸ் அனுமதி வரட்டும். சின்யோரா அந்தப் படத்தைத் தன் வாயாலேயே மகனுக்குச் சொல்லிவிட்டால் அண்ணாவின் கையில் இருப்பது பழைய கடதாசி மட்டுந்தான். சின்யோராவிடம் உண்மையைச் சொல்லும். அம்மாவுக்கு நான் ஒன்றும் சொல்லப் போவதில்லை, அவருடைய நெஞ்சு தாங்காது.

உடனே பதில் போடும்.

சுதாஜினி

உ
யாழ்ப்பாணம்
2.8.2014

அன்புள்ள மச்சாளுக்கு,

நீர் சுகமா? அதை மட்டும் எழுதும்.

போன கடிதத்துக்குப் பதில் இல்லை. ஞாயிறுகளில் அண்ணாதான் போனை எடுக்கிறார். ஒருமுறை நித்திரை என்றார், ஒருமுறை குளிக்கிறாள் என்றார், போன ஞாயிறு தலையிடி என்றார். "மருமகளுக்கு என்ன விசேஷமோ?" என்று அம்மா சந்தோஷப்படுகிறார்.

சுதாஜினி

உ
பலேர்மோ
20.8.2014

அன்புத் தங்கச்சிக்கு,

ஆண்டவன் அருளால் நாங்கள் சுகம். அம்மாவின் சுகத்தை அறிய ஆவல்.

நீ விஜிதாவுக்கு எழுதிய இரண்டு கடிதங்களும் கிடைத்தன. அந்தக் கட்டடத்துக் காவல்காரன் நல்ல மனுஷன், பெண்சாதியின் கடிதம் என்று என் கையிலேயே தந்தான். இனி அந்த விலாசத்துக்கு எழுதி முத்திரையை வீணாக்காதே. விஜிதா வேலையை விட்டுவிட்டாள். உடம்பு சரியில்லை, வீட்டில்தான் இருக்கிறாள். வீடு ஸ்டேஷன் பக்கம் என்பதால் சத்தம் அதிகம், அதனால் யன்னலைப் பூட்டி வைத்திருக்கிறேன். அவளுடைய போன் என்னிடம் இருக்கிறது.

நீ நல்லாகப் படித்தவள். அந்தப் படிப்புக்கு யார் உழைத்து அனுப்பியது என்று நினைத்துப் பார். அம்மாவின் ஆஸ்பத்திரிக்கும் நாளைக்கு உன் சீதனத்துக்கும் நான்தான் தேட வேண்டும். மண்டரின் ஆய்ந்து தேட முடியுமா? பணக்காரக் கிழவிக்கு அது ஒரு நட்டமா?

குடும்பத்துக்குள் இருப்பதைக் குடும்பத்துக்குள் வைத்துக்கொள். அம்மாவுக்கு அதிர்ச்சி கொடுத்தால் அது உன் பாவம்.

அன்பு அண்ணா,
ஜெயரட்ணம்

உ
புளோரன்ஸ்
9.9.2014

என் அன்பு மச்சாளுக்கு,

நான் சுகம். இந்தச் சொல்லை இந்த வருஷத்தில் முதன்முறையாக உண்மையாக எழுதுகிறேன். உமது நூலக விலாசம் இருந்த கொப்பி பலேர்மோவில் விடுபட்டுவிட்டது. அதனால் பாடமாக இருக்கும் வீட்டு விலாசத்துக்கே போடுகிறேன்.

நான் வேலைக்கு வராததால் சின்யோரா மூன்று மாடி ஏறி வந்து எங்கள் கதவைத் தட்டினார். உமது அண்ணா திறந்தார். "புளோரன்ஸ் நூலகத்திலை என்ரை படத்தைப் பார்க்கக் கூப்பிட்டிருக்கினம். நான் தனியப் போகேலாது, விஜிதாவைக் கூட்டிக்கொண்டு போறன். நீ பெட்டியைத் தூக்கிக்கொண்டு வா" என்றார். உமது அண்ணாவின் முகம் செத்துப் போனது. மறுத்தால் ஏன் என்று கேட்பார்களே. பெட்டியைத் தூக்கி வந்து எங்களை ரயிலில் ஏற்றிவிட்டார். ரயில் வெளிக்கிட்டதும் நான் எல்லாவற்றையும் சொல்லி அழுதேன். சின்யோரா தன் சாப்பாட்டில் பாதியை எனக்குத் தந்தார்.

வாசிப்பறை உமது இடம் மாதிரித்தான் இருக்கும். அட்டையைப் பார்த்தார்கள், படம் எடுக்கக் கூடாது என்றார்கள், ஒரு மூலைக் கணினியில் இருத்தினார்கள். ஒருவரும் சிரிக்கவில்லை. பக்கம் வந்ததும் சின்யோரா கண்ணாடியைத் துடைத்துத் துடைத்துப் பார்த்தார். "இவ்வளவு வடிவா இருந்தனானே, ஒருத்தரும் சொல்லேல்லையே" என்றார். புருஷன் சொன்னதை நான் ஞாபகப்படுத்தினேன். வெளியே வந்து மகனுக்குப் போன் எடுத்து எல்லாவற்றையும் சொன்னார். ஃப்ரான்செஸ்கோ, "அம்மா, சாப்பிட்டிட்டியா?" என்று கேட்டார். இதற்காகவா நாங்கள் இத்தனை மாதம் செத்துப் பிழைத்தோம்!

விரல்கள் கதவில்தான் நெரிந்தன. கதவைச் சாத்தியது உமது அண்ணா. குவெஸ்தூராவில், பொலிஸ் தலைமையகத்தில், முறைப்பாடு கொடுக்கப் போகிறேன். அடிவாங்கிய மனைவிக்குத் தனியாகப் பெர்மெஸ்ஸோ கொடுக்கும் சட்டம் வந்திருக்கிறது என்று இங்குள்ள ஒரு பெண் வக்கீல் சொன்னா. ஒக்டோபர் கடைசியில்தான் அவவைச் சந்திக்கத் திகதி கிடைத்தது. அதுவரை சின்யோராவின் தங்கை வீட்டில் இருக்கிறோம். தங்கை வெளிநாட்டில், இங்கே போன் இல்லை. உமது அண்ணா ஓயாமல் அடிப்பதால் சின்யோரா தன் போனையும் அணைத்துவிட்டார். நாங்கள் புளோரன்ஸில் எந்த வீட்டில் நிற்கிறோம் என்று உமது அண்ணாவுக்குத் தெரியாது. விலாசம் உறையின் பின்பக்கம் இருக்கிறது, உமக்கு மட்டும்.

அவர் உமது அண்ணா. நீர் பதில் போடாவிட்டாலும் எனக்கு விளங்கும்.

உமது மச்சாள்,
விஜிதா

உ
யாழ்ப்பாணம்
3.10.2014

என் உயிர் மச்சாளுக்கு,

சுகம் விசாரிக்க நேரமில்லை. இதைப் பிடித்தவுடன் அந்த வீட்டை விட்டு வெளிக்கிடும்.

உமது கடிதம் நேற்று வந்தது. நான் வேலையில். அம்மா வாங்கி வைத்திருக்கிறார். அந்த நேரம் பார்த்து அவன் போன் எடுத்திருக்கிறான். அம்மாவுக்கு ஒன்றும் தெரியாதே. நான்தானே சொல்லவில்லை. பின்னேரம் வீட்டுக்கு வந்தபோது அம்மா வாசலிலேயே சிரித்துக்கொண்டு நின்றார். "விஜிதாவின்ரை கடிதம் வந்திருக்கு பிள்ளை. உன்ரை அண்ணா பாவம், பெண்சாதி எங்கை நிக்கிறாள் எண்டு தெரியாமல் அழுறான். பின்பக்கத்திலை இருந்த விலாசத்தை வாசிச்சுக் காட்டினனான். ஒவ்வொரு எழுத்தா வாசிச்சனான், ஒரு பிழையும் விடேல்லை" என்றார்.

நான் போட்ட கூச்சலில் அயல் சனம் ஓடி வந்தது. இப்போது அம்மாவுக்கு எல்லாம் தெரியும். அவருடைய நெஞ்சுக்கு ஒன்றும் ஆகவில்லை. சுவரைப் பார்த்துக்கொண்டு படுத்திருக்கிறார். இதை ஆனியிலேயே சொல்லியிருக்கலாம், எல்லாவற்றையும் தாங்கியிருப்பார்.

இரவு அவனுக்கு எடுத்தேன். காலைப் பிடித்துக் கெஞ்சாத குறை. "நான் ரயிலிலை நிக்கிறன்" என்றான். நீர் முன்பு தந்திருந்த சின்யோராவின் போன் நம்பருக்கு விடியும்வரை அடித்தேன், அணைந்தே இருக்கிறது. நூலகத்துக்கு மின்னஞ்சல் போட்டேன். வாசகரின் விபரம் தர முடியாது, செய்தி இருந்தால் அவர் அடுத்த முறை வரும்போது கொடுக்கிறோம் என்று மரியாதையாகப் பதில் வந்திருக்கிறது. நானும் அப்படித்தான் பதில் போட்டிருப்பேன். உங்கள் ஊர்ப் பொலிசுக்கு எடுத்தேன், அவர்கள் சொன்னது எனக்கு விளங்கவில்லை, நான் சொன்னது அவர்களுக்கு விளங்கவில்லை. இனியும் எடுப்பேன்.

இந்தக் கடிதத்தைக் கூரியரில் போடுகிறேன். ஐந்து நாள் என்கிறார்கள். அவனுக்கு ஒரு நாள் காணும்.

அவன் என் அண்ணா என்றாலும் நான் உம் பக்கம் மச்சாள். நீர் எங்கே சாட்சி சொல்லச் சொன்னாலும் வந்து சொல்வேன்.

பதில் போடும். சுகம் என்று ஒரு சொல் எழுதினால் போதும். உமது கையால் எழுதும்.

சுதாஜினி